டெல்லிகாட்டிக்குக் கிடைத்தது என்ன?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். ஜிம் டெல்லிகாட்டியைப் பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையைப் படித்தேன். மெக்டொனால்ட்ஸின் பிக் மேக் என்ற இரட்டை அடுக்கு ஹாம்பர்கரைக் கொண்டுவந்த கடைக்காரர் அவர் என்றும், அவரைத் தயங்காமல் படைப்பாளி என்றே சொல்லலாம் என்றும் எழுதியிருந்தீர்கள். நான் பிட்ஸ்பர்க் பக்கம் வசிக்கிறேன். சில வருடங்களுக்கு முன் பென் ஹில்ஸ் பெருமாள் கோயிலுக்குப் போய்விட்டு, பிள்ளைகள் கேட்டார்கள் என்பதற்காக நார்த் ஹன்டிங்டனில் உள்ள பிக் மேக் அருங்காட்சியகத்துக்கும் போனோம். பதினான்கு அடி உயரத்தில் ஒரு பிக் மேக் சிலை வைத்திருக்கிறார்கள். உங்கள் கட்டுரையைப் படித்தபோது அது நினைவுக்கு வந்தது. கூடவே சில கேள்விகளும் வந்தன.

இரண்டு இறைச்சி வில்லைகளை நடுவில் ஒரு ரொட்டியோடு அடுக்குவதை பிக் பாய் உணவகங்கள் அவருக்கு முப்பது வருடம் முன்பே செய்துவிட்டன. இருந்ததைப் பார்த்துச் செய்தவரை எப்படிப் படைப்பாளி என்பது? அடுத்தது, உலகம் முழுக்க விற்கும் ஒரு பண்டத்தைக் கொடுத்தவருக்கு ஒரு சென்ட் ராயல்டி கூடக் கிடைக்கவில்லை, ஒரு கேடயம்தான் கிடைத்தது என்கிறார்கள். இது சுரண்டல் இல்லையா? நீங்கள் இதைத் தொடவே இல்லை. ஐநூறுக்கும் மேல் கலோரி உள்ள ஒரு சாப்பாட்டுக்கு இவ்வளவு மரியாதை தேவையா என்றும் தோன்றியது.

கடைசியாக என் சொந்த விஷயம். நானும் என் மனைவியும் வேலையை விட்டுவிட்டு இங்கே ஒரு துரித உணவு ஃபிரான்சைஸ் (பெரிய நிறுவனத்தின் பெயரிலும் முறையிலும் நாமே நடத்தும் கடை) எடுக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறோம். அவள் நன்றாகச் சமைப்பாள், புதிது புதிதாகச் செய்து பார்ப்பாள். அந்தக் கைக்கு ஃபிரான்சைஸில் இடம் இருக்குமா?

அன்புடன்,
எஸ்.

---

அன்புள்ள எஸ்.,

பார்த்துச் செய்தார் என்று நீங்கள் சொல்வது உண்மைதான். பாப் வயன் என்பவர் 1936-இல் கலிபோர்னியாவின் கிளென்டேலில் ஒரு சின்ன ஹாம்பர்கர் கடை தொடங்கினார். அடுத்த வருடமே ரொட்டியை மூன்றாக வெட்டி, இரண்டு வில்லைகளை அடுக்கி விற்றார். அதுதான் பிக் பாய். இரண்டாம் உலகப்போரில் ராணுவத்தில் இருந்துவிட்டுத் திரும்பிய டெல்லிகாட்டி, 1950-களின் தொடக்கத்தில் தெற்குக் கலிபோர்னியாவில் டிரைவ்-இன் (காரில் இருந்தபடியே சாப்பிடும்) உணவகங்களை நடத்தும் வேலையில் இருந்தார். பிக் பாயை அங்கேயே அவர் பார்த்தாயிற்று. பிட்ஸ்பர்க்குக்கு வந்தால் இங்கேயும் ஈட்டன் பார்க் உணவகம் 1949-லிருந்து பிக் பாய் விற்றுக்கொண்டிருந்தது. அதாவது அவர் வேலை பார்த்த ஊரிலும் இருந்தது, கடை போட்ட ஊரிலும் இருந்தது. இதை அவர் ஒருநாளும் மறைத்ததில்லை. இது மின்விளக்கைக் கண்டுபிடித்தது போன்ற காரியம் இல்லை, விளக்கு ஏற்கெனவே இருந்தது, நான் அதைப் பொருத்தும் வேலையை மட்டும் செய்தேன் என்ற பொருளில் அவரே சொல்லியிருக்கிறார்.

நான் படைப்பாளி என்று சொன்னது அந்தப் பொருத்தும் வேலையை வைத்துத்தான். அது எவ்வளவு கடினமான வேலை என்பது வெளியிலிருந்து பார்த்தால் தெரியாது. அதனால் அதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

டெல்லிகாட்டி 1918-இல் பென்சில்வேனியாவின் யூனியன்டவுனில் பிறந்தவர். 1953-இல் ஒரு கூட்டாளியோடு சேர்ந்து பிட்ஸ்பர்க்கில் சொந்தமாக ஒரு டிரைவ்-இன் நடத்தினார். அப்புறம் சிகாகோவில் நடந்த உணவகத் தொழில் மாநாடு ஒன்றில் மெக்டொனால்ட்ஸைப் பற்றித் தெரிந்துகொண்டு, 1957-இல் பிட்ஸ்பர்க்கின் வடக்குப் பகுதியில் மெக்நைட் ரோட்டில் தன் முதல் மெக்டொனால்ட்ஸைத் திறந்தார். அந்தப் பகுதிக்கே அது முதல் கடை. மெக்டொனால்ட்ஸை நாடு முழுக்கப் பரப்பிய ரே கிராக் தன் முதல் கடையை இலினாயின் டெஸ் பிளெய்ன்ஸில் திறந்து அப்போது இரண்டு வருடம்தான் ஆகியிருந்தது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். டிரைவ்-இன் நடத்திய ஒருவர் தன் மெனுவைத் தானே தீர்மானித்துப் பழகியவர். அவர் மெக்டொனால்ட்ஸுக்குள் வரும்போது அந்த உரிமையைக் கொடுத்துவிட்டுத்தான் வருகிறார். மெக்டொனால்ட் சகோதரர்கள் 1948-இல் சான் பெர்னார்டினோவில் தங்கள் பழைய மெனுவை வெட்டி வெறும் ஒன்பது பொருட்களாகக் குறைத்ததிலிருந்துதான் அந்த முறை பிறந்தது. ஹாம்பர்கர் 15 சென்ட். பொருட்கள் குறைவாக இருந்ததால் ஒரே கையசைவைத் திரும்பத் திரும்பச் செய்ய முடிந்தது. கிரில் முன்னால் நிற்பவர் கிரிலை மட்டும் பார்த்தார், பன் வாட்டுபவர் பன்னை மட்டும் பார்த்தார். அதனால் வேகம், அதனால் விலை. கிராக் விற்றது இந்த ஒழுங்கைத்தான். எந்த ஊரில் கார் நிறுத்தினாலும் அதே சுவை, அதே அளவு, அதே நேரம்.

அந்த ஒழுங்குக்குள் ஒரு புதிய பொருளை நுழைப்பது சும்மா மெனு பலகையில் ஒரு வரி எழுதுகிற காரியம் அல்ல. பிக் மேக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டு வில்லைகள், அதனால் கிரிலில் இரண்டு மடங்கு இடம். மூன்று துண்டு ரொட்டி, நடுத்துண்டை இரண்டு பக்கமும் வாட்டவேண்டும். சாதாரண ஹாம்பர்கருக்கு கெட்சப்பும் கடுகும் போதும், இதற்குத் தனி சாஸ் வேண்டும், அதை ஒவ்வொரு முறையும் ஒரே அளவில் வைக்கவேண்டும். அதுவரை அந்தச் சமையலறையில் இல்லாத லெட்டூஸ் நுழைகிறது. அதை நறுக்கவேண்டும், குளிரில் வைக்கவேண்டும், வாடினால் வீசவேண்டும். மதியக் கூட்ட நேரத்தில் ஒரு பையன் பதினைந்து நொடி கூடுதலாக எடுத்துக்கொண்டால் வரிசை வாசலுக்குப் போய்விடும். தலைமையகம் இதற்கெல்லாம் பயந்து வேண்டாம் என்றது. அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அந்த முறையைக் காப்பாற்றுவதுதான் அவர்கள் வேலை.

ஆனால் டெல்லிகாட்டியின் பிரச்சினையும் உண்மையானது. 1960-களின் பின்பாதியில் பிட்ஸ்பர்க் வட்டாரத்தில் அவருக்கு ஒரு டஜன் கடைகள் போல இருந்தன, எதிலும் விற்பனை எதிர்பார்த்த அளவுக்கு ஏறவில்லை. அது எஃகு ஆலைகளும் நிலக்கரியும் கோக் சூளைகளுமாக இருந்த நிலம். உடம்பை வைத்து வேலை செய்துவிட்டுப் பசியோடு வருகிற ஆளுக்கு மெக்டொனால்ட்ஸின் சின்ன ஹாம்பர்கர் போதவில்லை. ஒன்றுக்கு இரண்டாக வாங்கலாம், ஆனால் பக்கத்துக் கடையில் பெரியதாக ஒன்று கிடைக்கும்போது அவன் அங்கேதான் போவான். கவுன்டருக்கு இந்தப் பக்கம் நிற்பவருக்கு இது தினமும் கண்ணில் படும். இலினாயில் உட்கார்ந்து மாதக் கணக்கைப் பார்ப்பவருக்கு ஒரு எண் குறைவாக இருப்பது மட்டும் தெரியும், ஏன் குறைகிறது என்பது தெரியாது.

அவர் வட்டார மேலாளரைப் பிடித்தார். வட்டார மேலாளர் தலைமையகத்திடம் வாதாடினார். கடைசியில் அனுமதி வந்தது, ஆனால் கைகால்களைக் கட்டிப்போட்ட அனுமதி. யூனியன்டவுன் கடை ஒன்றில் மட்டும் சோதித்துப் பார்க்கலாம், வழக்கமாக வரும் பன்னைத்தான் பயன்படுத்த வேண்டும். அந்தப் பன் சின்னது. இரண்டு வில்லையும் சாஸும் லெட்டூஸும் அதில் நிற்கவில்லை, எல்லாம் சரிந்து கையில் வழிந்தது. டெல்லிகாட்டி உள்ளூர் பேக்கரி ஒன்றில் சொல்லி, எள் தூவிய பெரிய பன்னை மூன்று துண்டாக வரும்படி செய்து வாங்கினார். அதாவது கொடுத்த நிபந்தனையை மீறினார். 1967 ஏப்ரலில் அது 45 சென்ட்டுக்கு விற்பனைக்கு வந்தது. சாதாரண ஹாம்பர்கர் அப்போதும் 20 சென்ட்டுக்குக் கீழேதான் இருந்தது. இரண்டு மடங்குக்கும் மேலே விலை வைத்து விற்கிறோம், குறைந்த விலைக்குப் பெயர் போன கடையில் இதை யார் வாங்குவார்கள் என்ற பயம் அவருக்கும் இருந்திருக்கும்தானே.

சில மாதங்களில் அந்தக் கடையின் விற்பனை 12 சதவீதத்துக்கும் மேலே ஏறியது. அவருடைய மற்றக் கடைகளுக்கும் போனது, பிறகு வேறு ஊர்களிலும் சோதித்தார்கள், 1968-இல் நாடு முழுக்க 49 சென்ட்டுக்கு வந்தது. 1986-இல் தி எகனாமிஸ்ட் இதழ் நாடுகளின் நாணய மதிப்பை ஒப்பிட பிக் மேக்கின் விலையையே அளவுகோலாக எடுத்துக்கொண்டது. எங்கேயும் ஒரே மாதிரி கிடைக்கிறது என்பதால்தான் அது அளவுகோல் ஆக முடிந்தது. முதலில் ஒழுங்கை மீறி வந்த பொருள் அது. எனக்கு டெல்லிகாட்டியின் கதையில் மிகவும் பிடித்த இடம் இது.

அவர் பிக் மேக்கோடு நிற்கவுமில்லை. இரவு ஷிப்ட் முடித்து விடிகாலையில் வீடு திரும்பும் எஃகுத் தொழிலாளிகளுக்காக பான்கேக்கும் சாசேஜும் கொண்ட காலை உணவையும் அவர்தான் செய்து பார்த்தார். இரண்டிலும் மனிதர் ஒரே இடத்திலிருந்துதான் தொடங்குகிறார், தன் ஊர்க்காரனுக்கு எப்போது பசிக்கிறது, எவ்வளவு பசிக்கிறது என்பதிலிருந்து.

டெல்லிகாட்டி மட்டும் ஒரு விதிவிலக்கு என்றால் நான் இவ்வளவு உறுதியாகச் சொல்லமாட்டேன். லூ குரோனைப் பாருங்கள். ஒஹாயோ மாநிலம் சின்சினாட்டியின் மான்ஃபோர்ட் ஹைட்ஸில் 1959-இல் கடை திறந்தவர். அந்தப் பகுதியில் 87 சதவீதம் கத்தோலிக்கர்கள். அன்றைய வழக்கப்படி வெள்ளிக்கிழமைகளில் இறைச்சி சாப்பிட மாட்டார்கள். குரோனின் கடையில் வெள்ளிக்கிழமை விற்பனை 75 டாலர். ஒரு நாள் முழுக்க! அதே நேரத்தில் அந்த ஊர் ஃபிரிஷ்ஸ் உணவகத்தில் மீன் சாண்ட்விச் அமோகமாகப் போய்க்கொண்டிருந்தது. குடும்பத்தோடு கடையில் நின்று உழைத்துக்கொண்டிருந்த ஒருவருக்கு, வாரத்தில் ஒரு நாள் இப்படி மொத்தமாகப் படுத்துவிட்டால் கடையை மூடுவதைத் தவிர வழி இல்லை.

அவர் மீனைச் சமைத்து எடுத்துக்கொண்டு தலைமையகத்துக்குப் போனார். கிராக்குக்குப் பிடிக்கவில்லை. தன் கடைகளில் மீன் வாசனை வீசுவதை அவரால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. அவரிடமும் வெள்ளிக்கிழமைக்கு ஒரு யோசனை இருந்தது. ஹூலா பர்கர் என்று பெயர், பன்னுக்குள் இறைச்சிக்குப் பதிலாக வாட்டிய அன்னாசி வட்டம். இரண்டையும் ஒரே நாளில் விற்றுப் பார்ப்போம், எது அதிகம் போகிறதோ அது மெனுவில் ஏறட்டும் என்று பேசிக்கொண்டார்கள். 1962-இன் புனித வெள்ளி அன்று அந்தப் போட்டி நடந்தது. ஹூலா பர்கர் 6 விற்றது, மீன் சாண்ட்விச் 350 விற்றது.

அதோடு முடிந்ததா என்றால் இல்லை. குரோன் பயன்படுத்தியது ஹாலிபட் மீன். அதில் செய்தால் 30 சென்ட்டுக்கு விற்கவேண்டும். நிறுவனம் 25 சென்ட்டுக்கு மேல் போகக்கூடாது என்றது. அதனால் அட்லாண்டிக் காட் மீனுக்கு மாறினார். 1965-இல் அந்த மீன் சாண்ட்விச் ஃபிலே-ஓ-ஃபிஷ் என்ற பெயரில் நாடு முழுக்க வந்தது. மெக்டொனால்ட்ஸின் தேசிய மெனுவில் புதிதாகச் சேர்க்கப்பட்ட முதல் பொருள் அதுதான். அடுத்த வருடமே அமெரிக்க ஆயர்கள் வருடம் முழுக்க இருந்த வெள்ளிக்கிழமைக் கட்டாயத்தைத் தளர்த்தி, தவக்காலத்தோடு நிறுத்திக்கொண்டார்கள். ஒரு கடையைக் காப்பாற்றப் பிறந்த பண்டம், தான் பிறந்த காரணம் பாதி போன பிறகும் நிலைத்துவிட்டது. குரோனுக்குக் கடைசியில் 43 கடைகள் இருந்தன. அவற்றை 1986-இல் விற்றார்.

கிராக் மண்டை இல்லாதவர் அல்ல. ஒரு தொழிலையே மாற்றியமைத்தவர். அவருக்குக் கூட, இறைச்சி வேண்டாம் என்று இருக்கும் ஒரு கத்தோலிக்கர் வெள்ளிக்கிழமை எதைத் தேடுவார் என்பது தொலைவிலிருந்து தெரியவில்லை. மான்ஃபோர்ட் ஹைட்ஸில் நின்றவருக்குத் தெரிந்தது. கலிபோர்னியாவின் சாண்டா பார்பராவில் ஹெர்ப் பீட்டர்சன் என்ற கடைக்காரர் எக் மெக்மஃபின் என்ற முட்டை சாண்ட்விச்சைச் செய்தபோதும் இதே கதைதான். அவர் எக்ஸ் பெனடிக்ட் (மஃபின் மேல் முட்டை வைத்துத் தரும் காலை உணவு) பிரியர். கிரிலில் உடைத்து ஊற்றிய முட்டை மஃபினுக்குள் அடங்கும் அளவில் வட்டமாக நிற்கவேண்டும் என்பதற்காக டெஃப்லான் பூசிய வளையங்களைச் செய்யச் சொன்னார். அந்த வளையம்தான் அவருடைய கண்டுபிடிப்பின் உயிர். அது இல்லாமல் ஒரு காலை உணவை நூறு பேருக்கு ஒரே மாதிரி கொடுக்க முடியாது. 1970-களின் தொடக்கத்தில் இதைச் செய்தார், 1975-இல் நாடு முழுக்க வந்தது.

சரி, பணத்துக்கு வருவோம். நீங்கள் கோபமாகக் கேட்டிருப்பது இதைத்தான்.

ராயல்டி கிடைக்கவில்லை, கேடயம் மட்டும்தான் என்பது உண்மை. நான் இதை இரண்டாகப் பிரித்துப் பார்க்கிறேன். அமெரிக்கச் சட்டத்தில் ஒரு சமையல் குறிப்பின் பொருட்பட்டியலுக்குப் பதிப்புரிமை கிடையாது. வணிகப் பெயருக்குப் பாதுகாப்பு உண்டு, இரண்டு வில்லைகளை அடுக்குவதற்கு இல்லை. அந்தச் சட்டம் வேறு மாதிரி இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? பாப் வயன் முதலில் வழக்குப் போட்டிருப்பார், பிக் மேக் யூனியன்டவுனைத் தாண்டியிருக்காது. ஃபிரிஷ்ஸைப் பார்த்து மீன் விற்க நினைத்த குரோனுக்கும் அதே கதிதான். யாருக்கும் சொந்தமில்லாததாக இருந்ததால்தான் டெல்லிகாட்டியால் அதை எடுக்க முடிந்தது. அதே காரணத்தால்தான் அவரிடமிருந்தும் அது போயிற்று. உங்கள் முதல் கேள்வியையும் இரண்டாவதையும் சேர்த்து வைத்துப் பாருங்கள். அவர் காப்பியடித்தார் என்றும் சொல்லி, அவருக்கு உரிமைத்தொகை கிடைத்திருக்க வேண்டும் என்றும் சொல்ல முடியாது.

இன்னொன்று, அவர் சம்பள ஆள் இல்லை. கடை முதலாளி. பிக் மேக் விற்க விற்க அவருடைய கடைகளின் வருமானம் ஏறியது. மேற்குப் பென்சில்வேனியாவில் நாற்பதுக்கும் மேற்பட்ட கடைகள் அவருக்கு இருந்தன. பிட்ஸ்பர்க்கில் 1979-இல் ரொனால்ட் மெக்டொனால்ட் இல்லம் தொடங்குவதற்கு அவரும் ஒரு காரணம். நோயுற்ற குழந்தைகளின் பெற்றோர் மருத்துவமனைக்குப் பக்கத்தில் தங்குவதற்கான இடம் அது. 2016 நவம்பரில் 98 வயதில் இறந்தார். ஏமாற்றப்பட்ட ஒருவரின் வாழ்க்கை என்று இதை என்னால் சொல்ல முடியவில்லை.

ஆனாலும் உங்கள் உறுத்தலில் ஒரு நியாயம் இருக்கிறது, அதை நான் கட்டுரையில் எழுதாமல் விட்டது வாசகருக்குக் குறைதான். அதை இங்கே சொல்கிறேன். கிராக்கின் தொடக்ககால ஒப்பந்தத்தில் கடைக்காரர் தன் விற்பனையில் 1.9 சதவீதத்தைக் கொடுத்தார், அதில் 0.5 மெக்டொனால்ட் சகோதரர்களுக்குப் போனது. 1956-லிருந்து நிறுவனமே நிலத்தையும் கட்டடத்தையும் குத்தகைக்கு எடுத்துக் கடைக்காரருக்கு உள்வாடகைக்கு விட்டது. அந்த வாடகையும் விற்பனையோடு சேர்ந்து ஏறும். இரண்டுமே விற்பனை மேல் வாங்குவது, லாபத்தின் மேல் அல்ல. ஒரு புதுப் பண்டம் வந்தால் கூடுதல் ஆள், புது இயந்திரம், வீணாகும் லெட்டூஸ், இவையெல்லாம் கடைக்காரர் கணக்கில். விற்பனை ஏறினால் நிறுவனத்துக்கு அன்றைக்கே பங்கு வந்துவிடும். டெல்லிகாட்டிக்குத் தன் கடைகளில் விற்றதிலிருந்து வந்தது. மற்ற ஆயிரக்கணக்கான கடைகளில் விற்றதிலிருந்து எதுவும் வரவில்லை, அங்கேயெல்லாம் நிறுவனத்துக்கு வந்தது. ஒரு சின்ன நன்றித்தொகையையாவது ஒப்பந்தத்துக்கு வெளியே கொடுத்திருக்கலாம். சட்டம் தடுக்கவில்லை. கொடுத்திருக்க வேண்டும் என்பதே என் எண்ணம்.

அநியாயம் என்று சொல்வதற்கு டெல்லிகாட்டியைவிடப் பொருத்தமான ஒருவர் இந்தக் கதையில் இருக்கிறார். தொடக்கத்தில் அந்த சாண்ட்விச்சுக்கு அரிஸ்டோகிராட் என்றும் ப்ளூ ரிப்பன் என்றும் பெயர் வைத்துப் பார்த்தார்கள். எதுவும் ஒட்டவில்லை. பிக் மேக் என்ற பெயரைச் சொன்னவர் எஸ்தர் கிளிக்ஸ்டீன் ரோஸ். மெக்டொனால்ட்ஸ் தலைமையகத்தின் விளம்பரப் பிரிவில் செயலாளராக இருந்த 21 வயதுப் பெண். சட்டம் பாதுகாப்பது பெயரைத்தான் என்று மேலே சொன்னேன். அப்படியானால் இந்த முழு விஷயத்திலும் சொத்தாக நின்றது அவர் சொன்ன அந்தப் பெயர். அவருக்குக் கடையும் இல்லை, விற்பனையில் பங்கும் இல்லை. பல வருடங்கள் கழித்து ஒரு கேடயம் கொடுத்து கௌரவித்தார்கள். சுரண்டல் பற்றிப் பேசுவதானால் நாம் அவரிடமிருந்துதான் தொடங்கவேண்டும்.

கலோரி பற்றி அதிகம் சொல்வதற்கு இல்லை. துரித உணவு பெரிதாகிக்கொண்டே போனதால் உடல்நலத்துக்கு வந்த கேடு உண்மை, பிக் மேக்கும் அந்தப் பாதையில் ஒரு படி. எட்டு மணி நேரம் உலைக்கு முன்னால் நின்ற ஒருவருக்கு அளவாக இருந்த சாப்பாடு, மேசை முன்னால் உட்கார்ந்திருக்கும் நமக்கு அளவு மீறியது. டெல்லிகாட்டி வாரத்துக்கு ஒன்றாவது சாப்பிட்டார் என்று அவர் குடும்பத்தார் சொல்லியிருக்கிறார்கள். 98 வயது வரை இருந்தாரே என்று அதை வைத்து வாதாடுபவர்களோடு நான் சேரமாட்டேன். ஒருவர் செய்த பொருளைச் சாப்பிடாமலே அவர் உழைப்பை மதிக்க முடியும்.

இனி உங்கள் சொந்தக் கேள்வி. இதற்குத்தான் நான் அதிக நேரம் யோசித்தேன்.

டெல்லிகாட்டி நுழைந்தது கிராக்கின் நிறுவனம் சின்னதாக இருந்த காலத்தில். தொடக்கத்தில் லைசென்ஸ் கட்டணம் 950 டாலர். இன்று அமெரிக்காவில் மெக்டொனால்ட்ஸ் எடுக்கவேண்டுமென்றால் கடன் வாங்காத சொந்தப் பணம் 5 லட்சம் டாலராவது கையில் இருக்கவேண்டும், ஃபிரான்சைஸ் கட்டணம் 45,000 டாலர். விற்பனையின் மேல் வாங்கும் கட்டணத்தை 2024-லிருந்து புதிய கடைகளுக்கு 4-லிருந்து 5 சதவீதமாக ஏற்றிவிட்டார்கள். வாடகை தனி. பணம் போட்டுவிட்டு வேறு வேலை பார்க்க முடியாது, நீங்களே முழு நேரமும் நிற்கவேண்டும். வேறு நிறுவனங்களில் தொகை குறையலாம், ஏற்பாடு பெரும்பாலும் இதே வகைதான்.

உங்கள் மனைவியின் கைத்திறமையைப் பற்றிச் சொன்னீர்கள். அவருக்கு எது பிடிக்கும் என்று அவரிடமே கேளுங்கள். தினமும் புதிதாகச் சமைப்பதுதான் அவருக்கு மகிழ்ச்சி என்றால் ஃபிரான்சைஸ் வேண்டாம், சின்னதாகச் சொந்தக் கடை போடுங்கள். நஷ்டம் வந்தாலும் அது அவர் சமையலாக இருக்கும். டெல்லிகாட்டியோ குரோனோ தினமும் புதிதாகச் செய்தவர்கள் இல்லை. வருடக்கணக்காக ஒரே ஹாம்பர்கரை விற்று, இன்ன ஆள் ஏன் வரவில்லை என்பதையே கவனித்துக்கொண்டிருந்து, ஒரே ஒரு மாற்றத்துக்காகச் சலிக்காமல் வாதாடியவர்கள். அந்த வகைப் பொறுமை அவருக்கு இருந்தால் ஃபிரான்சைஸிலும் இடம் உண்டு.

எடுப்பதென்று முடிவு செய்தால், அமெரிக்க மத்திய வணிக ஆணையத்தின் விதிப்படி, கையெழுத்துக்கோ பணத்துக்கோ குறைந்தது 14 நாள் முன்னால் நிறுவனம் உங்களிடம் தகவல் வெளியீட்டு ஆவணத்தைக் கொடுத்தாகவேண்டும். 23 பகுதிகள் இருக்கும். எல்லாரும் முதலீடு எவ்வளவு என்று சொல்லும் 7-ஆம் பகுதியையும், எவ்வளவு சம்பாதிக்கலாம் என்று சொல்லும் 19-ஆம் பகுதியையும் நோக்கி ஓடுவார்கள். வருமானத்தைப் பற்றிச் சொல்லவேண்டும் என்று நிறுவனத்துக்குக் கட்டாயம் இல்லை, அதனால் 19 காலியாகவும் இருக்கலாம். நீங்கள் 16-ஐ முதலில் படியுங்கள். கடைக்காரர் எதை விற்கலாம், எதை விற்கக்கூடாது என்பது அதில் இருக்கிறது. நிறுவனம் தன் விருப்பப்படி மெனுவை மாற்றலாமா, அதற்கு வரம்பு உண்டா என்பதும் அங்கேதான். அப்புறம் 14. காப்புரிமை, ரகசியக் குறிப்புகள் பற்றியது. அதோடு ஒப்பந்தப் பிரதியும் சேர்ந்தே வரும். கடைக்காரர் கண்டுபிடிக்கும் எதுவும் நிறுவனத்துக்கே சொந்தம் என்ற வரி அதில் இருக்கிறதா என்று தேடுங்கள். பெரும்பாலும் இருக்கும். ஃபிரான்சைஸ் வழக்குகளைப் பார்க்கும் வக்கீல் ஒருவரை வைத்துக்கொண்டு படிப்பது நல்லது.

20-ஆம் பகுதியில் இப்போது கடை நடத்துபவர்களின் பெயரும், கடந்த நிதியாண்டில் விட்டுப்போனவர்களின் பெயரும் தொடர்பு விவரமும் இருக்கும். விட்டுப்போனவர்களைக் கூப்பிடுங்கள். சிலரை வெளியே பேசக்கூடாது என்று எழுதி வாங்கியிருப்பார்கள், அப்படி வாங்கியிருந்தால் அதையும் அந்தப் பகுதியிலேயே சொல்லவேண்டும் என்று விதி இருக்கிறது. பேசுகிறவர்களிடம் லாபம் நஷ்டத்தைக் கேட்டுவிட்டு, மெனுவில் ஒரு மாற்றம் வேண்டும் என்று அவர்கள் எப்போதாவது மேலே எழுதினார்களா, யாருக்கு எழுதினார்கள், பதில் வர எவ்வளவு நாள் ஆயிற்று என்றும் கேளுங்கள். உங்கள் மனைவியையே கேட்கச் சொல்லுங்கள். என்ன சொன்னார்கள் என்று எனக்கும் எழுதுங்கள்.

அன்புடன்